போ நஸ்: ஒரு பள்ளத்தாக்கின் பேச்சு

ஸ்லோவேனியா. ஸ்லோவாக்கியா இல்லை, அது வேறு! இந்த இரண்டையும் குழப்பிக்கொள்ளாத ஆட்கள் ரொம்பக் குறைவு. ஸ்லோவேனியா என்பது இத்தாலி, ஆஸ்திரியா, ஹங்கேரி, குரோஷியா ஆகிய நான்கு நாடுகளுக்கு நடுவில் இருக்கும் சின்ன நாடு. 1991-ல் யூகோஸ்லாவியாவிலிருந்து பிரிந்தது. மக்கள் தொகை ஏறக்குறைய இருபது லட்சம். ஒரு பெரிய நகரத்தின் கூட்டம் கூடக் கிடையாது.

ஆனால் அந்த இருபது லட்சம் பேருக்கு நாற்பதுக்கும் மேற்பட்ட வட்டார வழக்குகள் இருக்கின்றன. மலை, பள்ளத்தாக்கு, மறுபடி மலை என்று நாடு முழுக்க மடிப்பு மடிப்பாக இருப்பதால் ஒவ்வொரு மடிப்பிலும் ஒரு பேச்சு. "ஒவ்வொரு ஊருக்கும் ஒரு குரல்" என்று அவர்களிடம் ஒரு பழமொழியே உண்டு. மொழியியல் அறிஞர்கள் இந்த வழக்குகளை ஏழு பெரிய குழுக்களாகப் பிரித்து வைத்திருக்கிறார்கள்.

அந்த வழக்குகளில் ஒன்று மட்டும் எப்போதும் தனியாக நிற்கிறது. அதைப் பேசுகிறவர்கள் ஸ்லோவேனியாவில் இல்லை, இத்தாலியில் இருக்கிறார்கள். அதன் பெயர் ரெசியம். அது ஸ்லோவேனியத்தின் ஒரு வழக்கா, தனி மொழியா என்ற சண்டை இன்னும் ஓயவில்லை. வேடிக்கை என்னவென்றால், சண்டை நடந்துகொண்டிருக்கும்போதே பேசுகிற ஆட்கள் குறைந்துகொண்டே போகிறார்கள்.

மலைக்குப் பின்னால் ஓர் ஊர்

இத்தாலியின் வடகிழக்கு மூலையில், ஸ்லோவேனிய எல்லையை ஒட்டி, ரெசியா என்ற பள்ளத்தாக்கு இருக்கிறது. கிழக்கே 2587 மீட்டர் உயரமுள்ள கானின் மலை சுவர் மாதிரி நிற்கிறது. அதற்கு அந்தப் பக்கம் ஸ்லோவேனியா. வடக்கிலும் தெற்கிலும் மலைகள்தான். மேற்கே மட்டும் ஆறு வெளியேறும் வாய் திறந்திருக்கிறது. அந்த வழியாக இறங்கினால் ஃப்ரியூலிய மொழி பேசும் ஊர்கள், அதற்கப்பால் இத்தாலியம்.

ஆக, ரெசிய மக்களின் மொழிச் சொந்தங்கள் எல்லாம் மலைக்கு அந்தப் பக்கம். சந்தைக்கும் வேலைக்கும் போக வேண்டிய பாதையோ வேற்றுமொழிக்காரர்களின் பக்கம். இது ஒன்றே போதும், ஒரு பேச்சு தன் போக்கில் வளர!

பள்ளத்தாக்கில் பெரிய ஊர்கள் என்று பார்த்தால் நாலைந்துதான். ஒவ்வொன்றுக்கும் இரண்டு பெயர். இத்தாலியில் சான் ஜோர்ஜோ என்பது ரெசியத்தில் பீலா. ப்ராத்தோ என்பது ராவன்ட்சா. ஸ்தொல்விட்சா என்பது சோல்பிட்சா. ஞீவாவும் ஒசோயானேவும் மற்ற இரண்டு. எல்லாம் சேர்த்து இன்று ஏறக்குறைய ஆயிரம் பேர். ஒரு காலத்தில் இதைவிடப் பல மடங்கு ஆட்கள் இருந்தார்கள்.

இந்த ஊர் ஆண்கள் சாணை பிடிப்பதில் பேர்போனவர்கள். சாணைக்கல்லைத் தூக்கிக்கொண்டு பழைய ஆஸ்திரிய-ஹங்கேரியப் பேரரசு முழுக்க நடந்து, ஊர் ஊராகக் கத்தியும் கத்தரிக்கோலும் தீட்டிக் கொடுத்துவிட்டு வீடு திரும்புவார்கள். சோல்பிட்சாவில் சாணைக்காரர்களுக்கென்றே ஒரு அருங்காட்சியகம் உண்டு. பத்து நாடு சுற்றி, பத்துப் பாஷை காதில் வாங்கினாலும், வீட்டுக்குள் நுழைந்ததும் பழைய பேச்சுதான். அந்தப் பேச்சுக்கு அவர்கள் வைத்திருக்கும் பெயர் "போ நஸ்". அர்த்தம் ரொம்ப எளிது: "எங்க மாதிரி". "என்ன மொழி பேசுறீங்க?" என்று கேட்டால் "எங்க மாதிரி பேசுறோம்" என்பதுதான் பதில்.

வெளியிலிருந்து வந்தவர்களுக்கு இந்தப் பதில் போதவில்லை. கதையே அங்கேதான் ஆரம்பம்.

1873-ல் வந்த இளைஞர்

யான் போதுவான் தெ குர்த்தனே. பெயர் பிரெஞ்சு மாதிரி இருந்தாலும் ஆள் போலந்துக்காரர். 1845-ல் வார்சாவுக்குப் பக்கத்தில் பிறந்தவர். 1873-ல் ரெசியாவுக்கு வந்தபோது வயது 28. கையில் நோட்டு, பென்சில், கூர்மையான ஒரு ஜோடி காது. அவ்வளவுதான். எடிசனின் ஃபோனோகிராஃப் வருவதற்கு இன்னும் நாலு வருடம் இருந்தது.

போதுவான் ஊர் ஊராகப் போய் மக்கள் பேசுவதைக் கேட்டார். கேட்டதை ஒலி ஒலியாக எழுதினார். சொற்கள், கதைகள், பாட்டுகள், வீட்டுப் பேச்சு எதையும் விடவில்லை. 1875-ல் ரெசிய வழக்குகளின் ஒலியியல் பற்றிய அவருடைய ஆய்வு ரஷ்ய மொழியில் புத்தகமாக வந்தது. ஒரு சின்னப் பள்ளத்தாக்கின் பேச்சை இவ்வளவு நுணுக்கமாக ஒலிப்பதிவுக் கருவி இல்லாமல் பதிந்த வேலை அந்தக் காலத்தில் அபூர்வம். பழைய ரெசிய ஞானோபதேசக் கையேடு ஒன்றையும் அதோடு சேர்த்து அச்சிட்டார். பிறகும் பலமுறை ரெசியாவுக்கு வந்தார். 1895-ல் ரெசிய உரைகளின் பெரிய தொகுப்பை வெளியிட்டார்.

மொழியியல் படிக்கிறவர்களுக்கு இவர் பெயர் வேறு ஒரு காரணத்துக்காகவும் தெரிந்திருக்கும். "ஒலியன்" என்ற கருத்தை வளர்த்தெடுத்த முன்னோடிகளில் இவர் ஒருவர். "கல்" என்று சொல்லும்போது வரும் "க" வேறு, "பகல்" என்று சொல்லும்போது வரும் "க" வேறு. காது இரண்டு ஒலிகளைக் கேட்கிறது. மனசு ஒரே எழுத்தாக எடுத்துக்கொள்கிறது. காதில் விழுவது ஒலி, மனசில் பதிந்திருப்பது ஒலியன். ரெசியாவை முடித்த கையோடு போதுவான் கசான் பல்கலைக்கழகத்துக்குப் போனார். அங்கே தன் மாணவர் க்ருஷெவ்ஸ்கியோடு சேர்ந்து இந்தக் கருத்தை வளர்த்தார்.

அப்படி என்னதான் கேட்டது?

ரெசியத்தின் ஒலிகளில் சிலவற்றைப் புரிந்துகொள்ள மொழியியல் தெரிந்திருக்க வேண்டியதில்லை. காது இருந்தால் போதும்.

முதலாவது, "இ". பொது ஸ்லோவேனியத்தில் அழகு என்பதற்கு "லெப்", வெள்ளை என்பதற்கு "பெல்" ("பஸ்"ஸில் வரும் ப). ரெசியத்தில் அவை "லிப்", "பில்". பழைய ஸ்லாவிய மொழியில் இருந்த ஒரு நெட்டுயிர், பொது ஸ்லோவேனியத்தில் "எ" ஆகிவிட்டது. ரெசியத்தில் "இ" ஆகிவிட்டது. பீலா என்ற ஊர்ப் பெயரிலேயே அந்த "இ" உட்கார்ந்திருக்கிறது. ரெசியாவின் கார்னிவல் திருவிழாவில் வெள்ளை உடையும் காகிதப்பூ வைத்த உயரமான தொப்பியும் போட்டு ஆடுகிறவர்களுக்கு "தே லீபெ பீலெ மஷ்கீரெ" என்று பெயர். "அழகான வெள்ளை வேஷங்கள்" என்று அர்த்தம். அந்தப் பெயரிலும் அதே "இ" இரண்டு தடவை.

இரண்டாவது, "க". "கோரா" என்றால் மலை. பொது ஸ்லோவேனியத்தில் அது "கூஜா"வில் வரும் அழுத்தமான க. ரெசியத்தில் அது தொண்டையில் லேசாக உரசிக்கொண்டு வரும். "பகல்" என்பதில் வரும் க-வை நினைத்துக்கொண்டால் கிட்டத்தட்ட சரி. இது ரெசியாவுக்கு மட்டும் உரியதில்லை. ஸ்லோவேனியாவின் மேற்குப் பகுதி முழுக்க இந்த மென்மை பரவியிருக்கிறது.

மூன்றாவது, தேய்ந்துபோன "ல்". மக்கள் என்பதற்குப் பொது ஸ்லோவேனியத்தில் "ல்யூத்யே". ரெசியத்தில் "யூதி". முன்னால் இருந்த ல் காணாமல் போய்விட்டது!

நான்காவதுதான் எல்லோரையும் திகைக்க வைப்பது. ரெசியத்தில் சாதாரண உயிரொலிகளோடு இன்னொரு வரிசை உயிரொலிகளும் உண்டு. நாக்கு வாயின் நடுவுக்கு வந்து, குரல் கொஞ்சம் அமுங்கி, மூச்சுக் கலந்தாற்போல ஒலிக்கும். போதுவான் காதுக்கு அவை "இருண்ட" உயிர்கள். ஸ்லோவேனிய ஆய்வாளர்கள் வைத்த பெயர் "மூச்சிரைக்கும்" உயிர்கள். இன்று எழுதும்போது இந்த உயிரெழுத்துகளின் தலையில் இரண்டு புள்ளி வைக்கிறார்கள். தமிழில் புள்ளி வைத்தால் எழுத்திலிருந்து உயிர் போய்விடும். ரெசியத்தில் புள்ளி வைத்தால் உயிர் இருட்டுகிறது. "போ நஸ்" என்பதில் வரும் அகரமும் அப்படி ஒரு புள்ளி வைத்த உயிர்தான். தமிழ் எழுத்தில் அதைச் சரியாகக் காட்ட வழியில்லை.

ஐந்தாவது, உயிர்களின் ஒத்திசைவு. ஒரு சொல்லின் கடைசியில் உள்ள விகுதி மாறினால், முன்னால் இருக்கும் உயிரும் அதற்குத் தகுந்தாற்போல் மேலே ஏறும் அல்லது கீழே இறங்கும். அழுத்தம் விழும் உயிர் தலைவன் மாதிரி, மற்றவை பின்னால் வரும். இது புரியவில்லை என்றால் பேச்சுத் தமிழை நினைத்துப் பார்க்கலாம். "இடம்" என்று எழுதுகிறோம், "எடம்" என்கிறோம். "உடம்பு" என்று எழுதுகிறோம், "ஒடம்பு" என்கிறோம். பின்னால் வரும் அகரம் முன்னால் உள்ள இகரத்தையும் உகரத்தையும் கீழே இழுத்துவிடுகிறது. இழுக்கும் விதம் வேறு என்றாலும், ஓர் உயிர் இன்னொன்றை இழுப்பது என்ற விஷயம் இரண்டிலும் உண்டு.

இவை தவிர இலக்கணத்தில் சில பழைய சாமான்களும் பரணில் பத்திரமாக இருக்கின்றன. பழைய ஸ்லாவிய மொழியில் இருந்த ஓர் எளிய இறந்தகால வடிவம் பொது ஸ்லோவேனியத்தில் எப்போதோ ஒழிந்துவிட்டது. ரெசியத்தில் சில வினைச்சொற்களில் அது இன்னும் உயிரோடு இருக்கிறது. எண்ணுகிற முறையும் வேறு. அறுபது என்பதை "மூன்று தடவை இருபது" என்றும், எண்பதை "நாலு தடவை இருபது" என்றும் சொல்கிறார்கள். மொழி என்பதற்கு அவர்கள் சொல்லும் "லங்காச்" என்ற சொல்லே ஸ்லாவியச் சொல் இல்லை, மலையடிவாரத்து ஃப்ரியூலியர்களிடம் வாங்கியது.

சின்னப் பள்ளத்தாக்கு என்பதால் எல்லாரும் ஒரே மாதிரி பேசுவார்கள் என்று நினைத்தால் அதுவும் தப்பு. பீலா பேச்சு வேறு, ஞீவா பேச்சு வேறு, ஒசோயானே வேறு, சோல்பிட்சா வேறு. வாயைத் திறந்தால் எந்த ஊர் என்று சொல்லிவிடலாம்.

காதில் விழுந்ததும் மனசில் பட்டதும்

இவ்வளவு விசித்திரமான பேச்சைக் கேட்டால் "இவர்கள் யார்?" என்ற கேள்வி வரத்தானே செய்யும். வந்தது. ஆளாளுக்கு ஒரு பதில் சொன்னார்கள்.

முதல் பதில், ரஷ்யர்கள். ரெசியா, ரஷ்யா... பெயர் ஒரே மாதிரி இருக்கிறதல்லவா! ரெசியர்கள் ரஷ்ய வம்சம் என்ற கதை பள்ளத்தாக்கிலேயே நீண்ட காலமாக நம்பப்பட்டது. ஆனால் ஒலிகளை வைத்துப் பார்த்தால் இந்தக் கதை ஒரு நிமிஷம்கூட நிற்காது. ரெசியம் தெற்கு ஸ்லாவியக் கிளையைச் சேர்ந்தது, ரஷ்யம் கிழக்குக் கிளையைச் சேர்ந்தது.

இரண்டாவது பதிலைச் சொன்னவர் சாட்சாத் போதுவானேதான். உயிர்களின் ஒத்திசைவு துருக்கி, ஹங்கேரி மொழிகளின் அடையாளம். துருக்கியில் வீடுகள் என்றால் "எவ்லெர்", குதிரைகள் என்றால் "அட்லார்". முன்னால் உள்ள உயிரைப் பார்த்துப் பின்னால் உள்ள உயிர் மாறுகிறது. ரெசியத்திலும் அப்படி ஏதோ நடக்கிறதே, அப்படியானால் என்றோ ஒரு காலத்தில் அந்த இனத்து மக்கள் ("துரானியர்" என்பது அக்காலச் சொல்) இங்கே ஸ்லாவியரோடு கலந்திருக்க வேண்டும் என்று அவர் நினைத்தார். பின்னால் வந்த ஆய்வாளர்கள் இதை ஏற்கவில்லை. வெளியிலிருந்து யாரும் வராமலேயே, பேச்சின் உள்ளேயே, அழுத்தம் விழும் விதத்தால் இது உண்டாக முடியும் என்று காட்டினார்கள்.

மேதைகளுக்கும் சறுக்கும். அவர் கேட்ட ஒலி சரி, அதிலிருந்து அவர் கட்டிய வரலாறுதான் தப்பு.

மூன்றாவது பதில், ஸ்லோவேனிய மொழியியல் அறிஞர் ஃப்ரான் ராமோவ்ஷ் 1928-ல் எழுதிய ஆய்வில் வந்தது. அவர் ஒலி மாற்றங்களை வயது வாரியாக அடுக்கிப் பார்த்தார். மரத்தின் வளையங்களை எண்ணுவது மாதிரி! மிகப் பழைய மாற்றங்கள் வடக்கே ஆஸ்திரியாவில் உள்ள கெயில் பள்ளத்தாக்கு ஸ்லோவேனியத்தோடு ஒத்துப்போகின்றன. அதாவது ரெசியர்களின் முன்னோர் அந்தப் பக்கத்து ஸ்லாவியர்களோடு ஒரே பேச்சாக இருந்தவர்கள். பிறகு இடையில் உள்ள பள்ளத்தாக்கில் ஜெர்மன், ஃப்ரியூலியக் குடியேற்றங்கள் வந்து தொடர்பு அறுந்தது. அதற்குப் பிறகு தெற்கே உள்ள ஸ்லோவேனிய வழக்குகளின் சாயல் சில படிந்தது. மீதி எல்லாம் தனிமையில் விளைந்தது. இன்றுவரை பெரும்பாலான மொழியியலாளர்கள் ஏற்றுக்கொள்ளும் விளக்கம் இதுதான்.

அப்புறம் என்ன, கேள்வி தீர்ந்ததல்லவா? தீரவில்லை!

சட்டம் வந்தது, சண்டையும் வந்தது

1866-ல் ரெசியா இத்தாலியோடு சேர்ந்தது. அதற்குப் பிறகு பள்ளிக்கூடம் என்றால் இத்தாலியம்தான். முசோலினி காலத்தில் ஸ்லாவியப் பேச்சுக்குப் பொது இடத்தில் மதிப்பே இல்லாமல் போனது. ஸ்லோவேனியா வேறு நாட்டில், வேறு எழுத்தில், வேறு அரசியலில் வளர்ந்தது. ரெசியாவில் பிறந்த ஒருவர் பொது ஸ்லோவேனியத்தைப் பள்ளியில் படித்ததே இல்லை. லியுப்லியானா வானொலியில் செய்தி வாசித்தால் பாதி புரியும், பாதி புரியாது. மொழியியலாளர் "இது ஸ்லோவேனிய வழக்கு" என்று சொல்லலாம். வீட்டில் உட்கார்ந்து கேட்கிற பாட்டிக்கு அது வெளியூர்ப் பேச்சுதான்.

1999-ல் இத்தாலி, தன் மண்ணில் உள்ள சிறுபான்மை மொழிகளைக் காப்பதற்கு 482-ஆம் எண் சட்டம் கொண்டுவந்தது. பட்டியலில் ஸ்லோவேனியம் இருந்தது. ரெசியம் என்று தனியாக இல்லை. 2001-ல் ஸ்லோவேனியச் சிறுபான்மையினருக்காகவே 38-ஆம் எண் சட்டம் வந்தது. 2007-ல் அந்தச் சட்டம் செல்லுபடியாகும் ஊராட்சிகளின் பட்டியலில் ரெசியாவும் சேர்ந்தது.

ஊர் இரண்டாகப் பிரிந்தது.

ஒரு பக்கம் சொன்னது: "நம்ம பேச்சு ஸ்லோவேனியக் குடும்பம்தான். சட்டத்தின் நிழலில் நின்றால் பணம் வரும், பள்ளியில் இடம் வரும், பெயர்ப்பலகை வரும். தனியாக நின்றால் ஆயிரம் பேரை யார் கவனிப்பார்கள்?"

இன்னொரு பக்கம் சொன்னது: "நாங்கள் ஸ்லோவேனியர் இல்லை, ரெசியர். சட்டத்தின் பெயரால் பொது ஸ்லோவேனியத்தைக் கொண்டுவந்து பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்தால், அழியப்போவது எங்கள் பேச்சுதானே?" இத்தாலியமும் ஸ்லோவேனியமும் சேர்ந்த இருமொழி அடையாள அட்டை என்ற பேச்சு வந்ததும் கோபம் இன்னும் கூடியது. பட்டியலிலிருந்து ரெசியாவை எடுத்துவிட வேண்டும் என்ற கோரிக்கையும் எழுந்தது.

இரண்டு பக்கத்திலும் நியாயம் இருக்கிறது என்பதுதான் இதில் கஷ்டமான விஷயம். முதல் பக்கம் ஒலிகளின் வரலாற்றைச் சொல்கிறது, அது உண்மை. இரண்டாவது பக்கம் வாழ்ந்த வரலாற்றைச் சொல்கிறது, அதுவும் உண்மை. பொதுமொழியின் கீழே ஒரு வழக்கு எப்படிக் கரைந்துபோகும் என்று பார்த்தவர்கள், அந்தப் பயத்தைச் சும்மா பயம் என்று தள்ளிவிட மாட்டார்கள்.

எழுத்திலும் இதே தகராறு. டச்சு மொழியியலாளர் ஹான் ஸ்டேன்வைக், சான் ஜோர்ஜோ ஊரின் பேச்சைப் பற்றி 1992-ல் முழு இலக்கணப் புத்தகம் எழுதியவர். ரெசியத்துக்கு ஓர் எழுத்துமுறை வகுத்து 1994-ல் வெளியிட்டார். ஊருக்கு ஊர் ஒலி வேறு என்பதால் ஒவ்வொரு ஊர்ப் பேச்சையும் எழுத அதில் வழி வைத்தார். ஆனால் ச, ஷ, ஸ ஒலிகளுக்கு எழுத்தின் மேல் கொக்கி போடுவது ஸ்லோவேனியப் பழக்கம். கொக்கி போட்டால் ஸ்லோவேனியச் சார்பு, போடாவிட்டால் இத்தாலியச் சார்பு! ஒரு சின்னக் கொக்கியில் இவ்வளவு அரசியல்.

கணினி உலகத்தையும் இது விடவில்லை. இணையத்தில் ஒவ்வொரு மொழிக்கும் ஒரு சுருக்கக் குறி உண்டு. தமிழுக்கு "டிஏ", ஸ்லோவேனியத்துக்கு "எஸ்எல்". 2003-ல் ரெசியத்துக்கு "ரோஸாய்" என்ற துணைக்குறி பதிவானது. ஆனால் அது "எஸ்எல்-ரோஸாய்", அதாவது ஸ்லோவேனியத்துக்குக் கீழே. 2007-ல் பீலா, ஞீவா, ஒசோயானே, சோல்பிட்சா என்று ஊர் ஊராகத் தனித்தனிக் குறிகளும் பதிவாயின. 1994-ஆம் வருட எழுத்துமுறைக்குக்கூட ஒரு குறி உண்டு. சில நூறு பேர் வாழும் ஊர்களின் பேச்சுக்கு உலகத் தரப்பட்டியலில் இடம்! பல கோடிப் பேர் பேசும் எத்தனையோ வட்டார வழக்குகளுக்கு இந்தப் பாக்கியம் கிடையாது.

மே 6, 1976

பெயர்ச் சண்டையைவிடப் பெரிய அடி வேறு இடத்திலிருந்து விழுந்தது. 1976 மே 6-ஆம் தேதி இரவு ஃப்ரியூலிப் பகுதியைப் பெரும் நிலநடுக்கம் தாக்கியது. பகுதி முழுவதும் ஏறக்குறைய ஆயிரம் பேர் இறந்தார்கள். செப்டம்பரில் மறுபடி ஆடியது. முதல் தடவை தாக்குப்பிடித்த வீடுகள் பல இரண்டாவது தடவை விழுந்தன. ரெசியாவின் பழைய கல்வீடுகளும் தப்பவில்லை.

வீடு இடிந்தால் திரும்பக் கட்டலாம், கட்டினார்கள். ஆனால் ஏற்கெனவே வேலை தேடி வெளியேறிக்கொண்டிருந்த இளைஞர்களில் பலர் திரும்பவில்லை. பிள்ளைகள் இத்தாலியில் வளர்ந்தார்கள். விடுமுறைக்குத் தாத்தா பாட்டியைப் பார்க்க வருவார்கள். பாட்டி "எங்க மாதிரி" கேட்பாள், பேரன் இத்தாலியில் பதில் சொல்வான். ஒரு மொழி சத்தமில்லாமல் போவது இப்படித்தான்.

ஸ்லோவேனிய நாட்டுப்புறவியல் அறிஞர் மில்கோ மாட்டிச்செடோவ் 1960-களிலேயே ஒலிப்பதிவுக் கருவியோடு ரெசியாவுக்கு வந்து கதைகளைச் சேகரித்தது பெரிய புண்ணியம். நரி, ஓநாய், கரடி என்று மிருகக் கதைகள். 1973-ல் அவை புத்தகமாகி ஸ்லோவேனியக் குழந்தைகள் கைக்குப் போயின. ரெசியா எங்கே இருக்கிறது என்று தெரியாத குழந்தைக்கும் ரெசியா நரியைத் தெரியும். போதுவான் காதால் கேட்டு எழுதியதை மாட்டிச்செடோவ் நாடாவில் பிடித்தார். ஆனால் நாடாவில் இருப்பது அன்று பேசியவர்களின் குரல். நாளைக்குப் பேச ஆள் வேண்டுமே!

நம்பிக்கை அடியோடு போய்விடவில்லை. "சித்தீரா" என்ற வயலினும், "புங்குலா" என்ற மூன்று தந்தி வாத்தியமும், தரையில் காலைத் தட்டித் தாளமும் சேர்ந்த ரெசிய இசை இன்றும் ஒலிக்கிறது. "ஸ்ட்ரோக்" என்ற அவர்களுடைய பூண்டு, ரெசியப் பெயரோடேயே இத்தாலிய உணவுப் பிரியர்கள் மத்தியில் மதிப்பாக இருக்கிறது. பேச்சு குறைந்தாலும், பாட்டிலும் பூண்டிலும் சில சொற்கள் ஒட்டிக்கொண்டிருக்கின்றன.

அந்த மனிதர் கடைசியில் என்ன சொன்னார்?

மறுபடி போதுவானிடம் வரலாம். அவருடைய பிற்கால வாழ்க்கை பற்றி மொழியியல் பாடப்புத்தகங்கள் அதிகம் சொல்வதில்லை. ரஷ்யப் பேரரசில் சிறுபான்மை இனங்களின் உரிமைக்காக ஒரு சிறு நூல் எழுதினார். அதற்காக ஜார் அரசு அவரைச் சிறையில் போட்டது. அப்போது அவருக்கு வயது எழுபதை நெருங்கிக்கொண்டிருந்தது. பிறகு போலந்து சுதந்திர நாடானது. 1922-ல் அந்த நாட்டின் ஜனாதிபதித் தேர்தலில், அங்கிருந்த சிறுபான்மையினர் தங்கள் வேட்பாளராக நிறுத்தியது இந்த மொழியியல் பேராசிரியரைத்தான். தோற்றார். ஆனால் அவர்கள் அவரைத் தேடிப்போனதற்குக் காரணம் இருந்தது.

ஒருவர் எந்த இனம் என்பதை அரசாங்கமோ, ஊரோ, ரத்தமோ தீர்மானிக்கக் கூடாது, அந்த மனிதர்தான் தீர்மானிக்க வேண்டும் என்பது அவர் கொள்கை. ஒருவர் இரண்டு இனத்தைச் சேர்ந்தவராகவும் இருக்கலாம், எதையும் சேராதவராகவும் இருக்கலாம் என்றார்.

இதைச் சொன்னவர் யார் என்று யோசித்துப் பார்த்தால்தான் அதன் கனம் தெரியும். ரெசியர்களின் ஒவ்வொரு உயிரொலியையும் தன் காதால் கேட்டு, அளந்து, நோட்டில் குறித்து வைத்தவர். அந்த ஒலியிலிருந்து அவர்களுக்கு ஒரு பூர்வீகமே கட்டிப் பார்த்தவர், அதில் தப்பும் செய்தவர். ஒலியை அவ்வளவு நம்பிய மனிதரே, ஒரு மனிதனின் பெயரை அவன் வாயிலிருந்து வரும் ஒலியை வைத்து அடுத்தவர் எழுதக் கூடாது என்ற இடத்துக்கு வந்து சேர்ந்தார்.

ரெசியம் ஸ்லோவேனியத்தின் வழக்கா என்று மொழியியலைக் கேட்டால், ஆம் என்ற பக்கம்தான் சான்று அதிகம். "லெப்" எப்படி "லிப்" ஆனது, "ல்யூத்யே" எப்படி "யூதி" ஆனது என்று கணக்குக் காட்டிவிடலாம். ரெசியர்கள் ஸ்லோவேனியர்களா என்பது வேறு கேள்வி. அதற்கு அந்த ஆயிரம் பேர்தான் பதில் சொல்ல வேண்டும். இரண்டு கேள்வியையும் ஒன்றாகப் போட்டுக் குழப்பியதில்தான் பாதிச் சண்டை. ஒரு தரப்பு சான்றைக் காட்டி மனசை மாற்றப் பார்க்கிறது. இன்னொரு தரப்பு மனசைக் காட்டிச் சான்றை மறுக்கப் பார்க்கிறது.

இதற்கிடையில் பேச்சுக்கு வேண்டியது வேறு ஒன்று. அதற்குச் சட்ட எண்ணும் தெரியாது, எழுத்தின் மேல் கொக்கியும் தெரியாது. சோல்பிட்சாவில் ஏதோ ஒரு வீட்டில் ஒரு குழந்தை பாட்டியிடம் நரிக் கதை கேட்டுவிட்டு, "அப்புறம் என்ன ஆச்சு?" என்று அதே இருண்ட உயிர்களில் திருப்பிக் கேட்க வேண்டும். கேட்டால் ரெசியம் இருக்கும், எந்தப் பெயரில் வேண்டுமானாலும்.

அந்தக் குழந்தையிடம் "என்ன மொழி பேசுற?" என்று யாராவது கேட்டால், பதில் ஏற்கெனவே தயாராக இருக்கிறது. போ நஸ். எங்க மாதிரி.